நாற்பத்தெட்டாவது நிமிடம்

குன்னூர் கிளை நூலகத்தில்
உளவியல் என்று சாக்பீஸில் எழுதிய தட்டில்
சமையல் குறிப்புக்கும் யோகாசனத்துக்கும் நடுவே
டாக்டர் ஹெப்சிபாவின் புத்தகம்.
அட்டையில் ஒரு நாற்காலி.
அது அவருடையது அல்ல.
அவருடையதில் இடது கை கிழிந்திருக்கும்.
மூன்று வருடம் அந்தப் பஞ்சைப் பார்த்துத்தான் பேசினேன்.

'உறவென்பது, இரண்டு பேர் சேர்ந்து
ஒரு பிரிவைத் தாங்கிப் பழகுவது'
என்று முதல் பக்கத்தில் எழுதியிருந்தார்.
யாரோ நீல மையில் கோடு போட்டு
பக்கத்தில் 'எப்படி?' என்று கேட்டிருந்தார்கள்.

ஆறாம் அத்தியாயத்தில் இருந்தேன்.
என்னை ஆணாக்கியிருந்தார்.
பெயர் வ., வயது முப்பத்தொன்று.
சேரம்பாடித் தேயிலைத் தோட்டம்
கோவில்பட்டித் தீப்பெட்டி ஆலையாகியிருந்தது.
வங்கி வேலையைப் பிடுங்கி
மருந்துக்கடையில் உட்கார வைத்திருந்தார்.
ஆனாலும் அவன் எழுந்து நின்றபோது
என் முழங்கால் வலித்தது.

'ஐம்பது நிமிடச் சந்திப்பில்
வ. நாற்பத்தெட்டாவது நிமிடமே எழுந்துவிடுவார்.
அனுப்பப்படுவதற்கு முன் போய்விடுகிறவர்.'

சரிதான்.
புஷ்பநாதன் ஒருநாள் லேட்டாக வந்தார்.
அதற்குள் நான் பெட்டி கட்டியிருந்தேன்.

பிள்ளை மடுவத்தை மட்டும் அவரால் ஒளிக்க முடியவில்லை.
தீப்பெட்டி ஆலைக்கு ஏது பிள்ளை மடுவம்?
ஆனால் அங்கேயே இருக்கிறது
கம்பிக் கதவு, பதினொரு சேலைத் தூளி, ஆயம்மா,
ஈரப் படங்கின் வாசனை,
பத்து மணிக்குக் கூடையை இறக்கிவிட்டுப்
பால் கொடுக்க ஓடிவரும் பெண்கள்.
'கடிகாரம் பார்க்கத் தெரியுமுன்பே
வ. ஒரு நேரத்தைக் கற்றுக்கொண்டார்.
அம்மா வரும் நேரத்தை அல்ல,
போகும் நேரத்தை.'
இதை நான் சொன்னேனா அவர் சொன்னாரா,
இப்போது நினைவில்லை.

இரண்டு பக்கம் தள்ளி ஓர் அடிக்குறிப்பு.
பொடி எழுத்து. கண்ணாடியை நெற்றியிலிருந்து இறக்கினேன்.
'ஒருமுறைகூட அவரை உட்காரச் சொன்னதில்லை.
அதுதான் முறை என்று குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன்.
இப்போது தோன்றுகிறது,
இரு என்று சொல்லியும் ஒருவர் போவதைப் பார்க்க
எனக்குப் பயம்.'

அருவங்காட்டில் சங்கு ஊதியது.
நூலகர் ஜன்னல்களைச் சாத்தத் தொடங்கினார்.

அத்தியாயத்தின் முடிவில் வ. குணமாகிறார்.
ஒரு வெள்ளிக்கிழமை ஐம்பது நிமிடமும் உட்கார்ந்து
'அடுத்த வாரம் பார்ப்போம்' என்கிறார்.

பொய்.
அந்த வெள்ளி எனக்கு ஞாபகம் இருக்கிறது.
பெட்ஃபோர்டு வளைவில் மரம் விழுந்து பஸ் நின்றுவிட்டது.
நனைந்து வந்தேன், நனைந்து போனேன்,
பிறகு போகவில்லை.
நூலகர் திரும்பிய நேரம் பென்சிலால் எழுதினேன்:
'இல்லை. நாற்பத்தெட்டு.'
கொஞ்சம் யோசித்து
'மழை' என்றும்.

இரவு அம்மாவைக் கூப்பிட்டேன்.
லயத்தில் டவர் கிடைக்க
அவள் வாசல்படியில் வந்து நிற்க வேண்டும்.
'கங்காணி திட்டத் திட்ட
ஏம்மா தினம் பத்து மணிக்குத் தவறாம வருவே?'
பெற்ற பாசம் என்பாள் என்று காத்திருந்தேன்.
'பால் கட்டிக்கிட்டு உசுரு போவும்டி.
நீ குடிக்கலேன்னா என்னால மலை ஏற முடியாது.
சில நாள் அசந்து தூங்குவே,
கிள்ளித்தான் எழுப்புவேன்.'

இருநூற்றுப் பன்னிரண்டு பக்கத்திலும்
அந்தக் கிள்ளு இல்லை.

'சரிம்மா' என்றேன். எப்போதும் நான்தான் முதலில் வைப்பேன்.
கட்டைவிரல் சிவப்புப் பொத்தானுக்குப் போய்விட்டது.
'இரு, பால் பொங்குது' என்று
போனைப் படியிலேயே வைத்துவிட்டு உள்ளே ஓடினாள்.

தகரத்தில் மழை.
ஒரு தவளை.
பக்கத்து லயத்தில் யாரோ
இருமி, இருமி, நிறுத்தினார்கள்.